ஊரைப் பாட வைத்தவர்!

சினிமா இசை அமைப்பாளர் எம்.பி.சீனிவாசன் கதை

செங்கல்பட்டில் இருந்து மாமல்லபுரத்துக்கு பஸ் ஏறினேன். விடியற்காலை நேரம். கொளவாய் ஏரிப் பக்கம் இருந்து குளிர்ந்த காற்று வந்தது. திருக்கழுக்குன்றம் வழியாக ஏறத்தாழ 30 கிலோ மீட்டர் பயணம்.

பஸ்சில் சினிமா பாட்டு போட்டார்கள். ஒன்று முடிந்தால் இன்னொன்று. பஸ்சில் 50 பேராவது இருந்திருப்பார்கள். எல்லோர் காதிலும் பாட்டு விழுந்தது. ஆனால் ஒருவர் வாயில் இருந்தும் பாட்டு வரவில்லை. முன் சீட்டுக் குழந்தை ஒன்று மட்டும் கையைத் தட்டியது. "சும்மா இரு" என்று தாய் அதட்டினாள்.

மாமல்லபுரத்தில் இறங்கிக் கடற்கரைக்கு நடந்தேன். அங்கே வேறு காட்சி!

கரையில் பெரிய வலை இழுத்துக் கொண்டு இருந்தார்கள். கடலுக்குள் போட்ட வலையின் இரண்டு கயிறுகளும் கரைக்கு வந்திருந்தன. இந்தக் கயிற்றில் பத்துப் பேர். அந்தக் கயிற்றில் பத்துப் பேர். ஒருவர் அடி எடுத்துக் கொடுத்தார். "ஐலசா" என்று மற்றவர்கள் பதில் கொடுத்தார்கள். பதில் வரும்போதெல்லாம் கயிறு ஒரு முழம் கரைக்கு வந்தது.

ஓரமாக உட்கார்ந்து இருந்த பெரியவரிடம் பேச்சுக் கொடுத்தேன்.

"பாட்டு இல்லாமல் இழுத்தால் என்ன, பெரியவரே?"

அவர் சிரித்தார்.

"ஆளுக்கு ஒரு நேரத்தில் இழுப்பான், தம்பி. கயிறு வருமா? கை எரியும். அவ்வளவுதான்!"

எவ்வளவு பெரிய உண்மை! பத்துப் பேரின் பலம் ஒரே நேரத்தில் கயிற்றில் சேர வேண்டும். அதற்குப் பாட்டு வேண்டும். இங்கே பாட்டுதான் வேலையை நடத்தும் மேஸ்திரி.

இந்த உண்மையை மேடைக்குக் கொண்டு போன ஒருவர் தமிழ் சினிமா உலகில் இருந்தார். பெரிய படங்கள் அவரைத் தேடி வரவில்லை. அவரும் அவற்றைத் தேடிப் போகவில்லை. ஆனால், ஜேசுதாசை முதன் முதலாக சினிமாவில் பாட வைத்தவர் அவர்தான்! வாத்தியக்காரர்களுக்கு சங்கம் கண்டவரும் அவர்தான்! சங்கீதம் படிக்காதவர்களையும் கூட்டமாக மேடையில் நிறுத்திப் பாட வைத்தவரும் அவரே!

அவர்தான் எம்.பி.சீனிவாசன். நண்பர்களுக்கு "எம்.பி.எஸ்."

கட்சி ஆபீசில் இருந்து இசைக்கு

"எம்.பி." என்பது மானாமதுரை பாலகிருஷ்ணன். சொந்த ஊர் பெயரும், தந்தை பெயரும். ஆனால் அவர் பிறந்தது சித்தூரில். 1925-ம் ஆண்டு செப்டம்பர் 19-ந் தேதி.

சென்னையில் படித்தார். நாடு சுதந்திரத்துக்குப் போராடிய காலம் அது. மாணவர் இயக்கத்தில் சேர்ந்தார். கம்யூனிஸ்டு ஆனார்.

பின்னர் டெல்லிக்குப் போனார். பாராளுமன்றத்தில் கம்யூனிஸ்டு தலைவராக விளங்கிய ஏ.கே.கோபாலனின் செயலாளராக வேலை பார்த்தார். பகலில் கட்சி வேலை. மற்ற நேரத்தில் இசை. தென்னாட்டுச் சங்கீதம் கேட்டு வளர்ந்த காதில் வடநாட்டு இசையும் புகுந்தது.

டெல்லி வாழ்க்கை அவருக்கு ஒரு துணைவியையும் தந்தது. அவர் பெயர் சாகிதா. யார் வீட்டுப் பெண் தெரியுமா? பஞ்சாப் தலைவர் சைபுதீன் கிச்லுவின் மகள்!

கிச்லுவை நாம் மறக்கலாமா? 1919-ம் ஆண்டு ஏப்ரலில் வெள்ளைக்காரன் கிச்லுவையும் டாக்டர் சத்தியபாலையும் கைது செய்தான். அமிர்தசரஸ் கொதித்தது. மூன்றாம் நாள், ஏப்ரல் 13-ந் தேதி, ஜாலியன்வாலா பாக்கில் மக்கள் கூடினார்கள். ஜெனரல் டயர் சுட்டுத் தள்ளினான். அந்தச் சரித்திரத்தில் வருகிற கிச்லுவின் மகளைத்தான் எம்.பி.எஸ். மணந்தார்.

மணமகன் தமிழ்நாட்டு இந்து. மணமகள் காஷ்மீர வம்சத்து முஸ்லிம். "மனிதர் எல்லாம் ஒன்று" என்று மேடையில் பேசுவது எளிது. அதை வீட்டில் நடத்திக் காட்டியவர்கள் இவர்கள்.

பாதை தெரிந்தது, பணம் வரவில்லை!

எம்.பி.எஸ். சென்னைக்குத் திரும்பினார். சினிமாவில் இசை அமைக்க ஆசை. ஆனால் எந்தப் பட முதலாளியின் கதவைத் தட்டுவது?

"நாமே ஒரு படம் எடுப்போம்" என்று நண்பர்கள் கூடினார்கள். ஆளுக்குக் கொஞ்சம் பங்கு போட்டார்கள். வங்காளத்தில் இருந்து வந்த நிமாய் கோஷ் டைரக்டு செய்தார். நாட்டுப் பிரிவினையால் வீடு இழந்தவர்களைப் பற்றி "சின்னமூல்" என்ற படம் எடுத்துப் பெயர் பெற்றவர் அவர்.

1960-ல் வெளிவந்தது "பாதை தெரியுது பார்." தொழிலாளர் வாழ்க்கையைச் சொன்ன படம். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம், கே.சி.எஸ்.அருணாசலம், ஜெயகாந்தன் ஆகியோர் பாட்டு எழுதினார்கள். ஜெயகாந்தன் எழுதி, பி.பி.சீனிவாசும் எஸ்.ஜானகியும் பாடிய தென்னங்கீற்றுப் பாட்டை இன்றும் பழைய ரேடியோ நேயர்கள் மறக்கவில்லை.

படத்துக்கு மத்திய அரசின் விருது கிடைத்தது. பணம் கிடைத்ததா? இல்லை. படம் ஓடவில்லை. பங்கு போட்டவர்களுக்குக் கைதான் கடித்தது.

படம் தோற்றால் இசை அமைப்பாளரை யார் அழைப்பார்கள்? தமிழ் சினிமா அவரை அதிகம் அழைக்கவில்லை. மலையாளம் அழைத்தது.

ஒரு இளைஞர் வந்தார்

1961-ம் ஆண்டு நவம்பர் 14-ந் தேதி. சென்னை பரணி ஸ்டூடியோ. "கால்பாடுகள்" என்ற மலையாளப் படத்துக்குப் பாட்டுப் பதிவு. இசை எம்.பி.எஸ்.

கொச்சியில் இருந்து ஒரு இளைஞர் வந்திருந்தார். வயது 21. ஒல்லியான உருவம். அதற்கு முன் சினிமாவில் பாடியதே இல்லை.

புதியவரை நம்பி மைக் முன் நிறுத்த யாருக்கும் தயக்கம் வரும். ஏன் என்று கேளுங்கள். அந்தக் காலத்தில் பாடுகிறவரும் வாத்தியக்காரர்களும் ஒரே நேரத்தில் ஒன்றாகச் சேர்ந்துதான் பதிவு செய்ய வேண்டும். ஒருவர் தவறினால் எல்லோரும் முதலில் இருந்து தொடங்க வேண்டும். பிலிம் வீண். நேரம் வீண். ஸ்டூடியோ வாடகை வீண்.

எம்.பி.எஸ். துணிந்தார். நாராயண குருவின் சுலோகம் ஒன்றை அந்த இளைஞருக்குக் கொடுத்தார். சாதி வேற்றுமையும் மதப் பகையும் இல்லாத இடத்தைப் பற்றிய பாட்டு அது.

பாடிய இளைஞர் கே.ஜே.ஜேசுதாஸ்!

கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர் பாடினார். பாட்டு, ஈழவர் குலத்தில் பிறந்த துறவியுடையது. இசை அமைத்தவர், முஸ்லிம் பெண்ணை மணந்த தமிழர். பாட்டின் பொருளே அந்த அறையில் நின்றது போல் இல்லையா?

பாட்டே இல்லாத படம்

சினிமா இசை என்றால் பாட்டு மட்டும் அல்ல. பாட்டுக்கு வெளியிலும் இசை உண்டு. கதாநாயகி அழுதால் வயலின் அழும். வில்லன் வந்தால் மேளம் இடிக்கும். இதற்குப் பின்னணி இசை என்று பெயர்.

பின்னணி இசையை அடைத்துத் திணிப்பது எளிது. எங்கே வேண்டாம் என்று தெரிந்து கொள்வதுதான் கடினம். சமையலில் உப்பு போலத்தான்.

1972-ல் அடூர் கோபாலகிருஷ்ணன் தம் முதல் படமான "சுயம்வரம்" எடுத்தார். வீட்டை விட்டு வந்து, நகரத்தில் பிழைக்க முடியாமல் தவிக்கும் ஒரு இளம் ஜோடியின் கதை. படத்தில் ஒரு பாட்டுகூடக் கிடையாது. தெருச் சத்தம், மழைச் சத்தம், வாழ்க்கையின் சத்தம் எல்லாம் படத்தில் கேட்டன. அந்தச் சத்தங்களை அமுக்காமல், தேவையான இடத்தில் மட்டும் இசை அமைத்தார் எம்.பி.எஸ்.

இந்தியாவின் சிறந்த படம் என்ற விருது "சுயம்வரத்து"க்குக் கிடைத்தது. சிறந்த டைரக்டர் விருது அடூருக்கு. சிறந்த நடிகை விருது சாரதாவுக்கு.

1981-ல் "எலிப்பத்தாயம்." எலிப்பொறியில் மாட்டிய எலி போல், மாறுகிற காலத்தில் மாட்டிக் கொண்ட ஒரு பெரிய வீட்டுக்காரரின் கதை. லண்டன் வரை போய்ப் பரிசு வாங்கி வந்த படம். அதற்கும் எம்.பி.எஸ். இசைதான். கே.ஜி.ஜார்ஜ் எடுத்த "உள்கடல்" (1979), "யவனிகா" (1982) ஆகிய படங்களுக்கும் அவரே. கேரள அரசு அவருக்குப் பலமுறை விருது கொடுத்தது.

தமிழில் ஒரு வேடிக்கை நடந்தது. 1977-ல் ஜான் ஆபிரகாம் "அக்ரகாரத்தில் கழுதை" என்ற படம் எடுத்தார். அனாதையான கழுதைக் குட்டியை ஒரு பேராசிரியர் எடுத்து வளர்க்கிறார். ஊர் அதைப் பொறுக்கவில்லை. அந்த வாயில்லாப் பிராணிக்கு என்ன நேர்ந்தது என்பதுதான் கதை.

பேராசிரியராக நடித்தவர் யார்? நம் எம்.பி.எஸ்.தான்! இசை அமைக்க வந்தவரை வேட்டி கட்டி கேமரா முன் நிறுத்தி விட்டார்கள். அந்த ஆண்டின் சிறந்த தமிழ்ப் படம் என்று தேசிய விருது கிடைத்தது.

வயலின்காரர் வீட்டு அடுப்பு

சினிமா பாட்டைக் கேட்கும்போது நாம் யாரை நினைக்கிறோம்? நடிகரை நினைக்கிறோம். பாடியவரை நினைக்கிறோம். இசை அமைப்பாளரையும் நினைக்கலாம். ஆனால், நடுவில் இரண்டே விநாடி வந்து போகிற புல்லாங்குழலை ஊதியவர் யார்? அவர் பெயர் நமக்குத் தெரியாது.

அவருக்கும் வீடு உண்டு. அடுப்பு உண்டு. பள்ளிக்கூடச் சம்பளம் கட்ட வேண்டிய பிள்ளை உண்டு.

மாதச் சம்பளம் கிடையாது. அழைத்தால் வேலை. அழைக்காவிட்டால் பட்டினி. படம் எடுப்பவர் பணம் கொடுத்தால் உண்டு. "நாளை வா" என்றால் நாளையும் நடக்க வேண்டும். கேட்டால் அடுத்த படத்துக்கு அழைப்பு வராது.

எம்.பி.எஸ். இதைப் பார்த்தார். கட்சி வேலை செய்த மனிதர் அல்லவா? சும்மா இருப்பாரா? வாத்தியக்காரர்களைக் கூட்டினார். சினிமா வாத்தியக்காரர்களுக்குச் சங்கம் பிறந்தது. நிமாய் கோஷும் அவரும் மற்றத் தொழிலாளர்களையும் சேர்க்கப் பாடுபட்டார்கள். தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனம் என்று இன்று இருக்கிறதே, அது வளர்ந்ததில் அந்த முன்னோடிகளின் உழைப்பு உண்டு.

இசை அமைப்பாளரே கொடி பிடித்தால் பட முதலாளிகளுக்குப் பிடிக்குமா? ஆனால் அதற்காக அவர் கொடியைக் கீழே வைக்கவில்லை.

இன்னொரு வழக்கும் உண்டு. ஒருவர் மெட்டுப் போடுகிறார். அந்தப் பாட்டு 30 ஆண்டு ஒலிக்கிறது. பணம் யாருக்கு? மெட்டுப் போட்டவருக்கா, படம் எடுத்தவருக்கா? 1977-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புக் கூறியது. கூலி கொடுத்துப் படத்துக்குப் பாட்டுப் போடச் சொன்னால், வேறு ஒப்பந்தம் இல்லாத வரை உரிமை பட அதிபருக்கே என்றது. 35 ஆண்டுகள் கழித்து, 2012-ல்தான் சட்டம் திருத்தப்பட்டது. பாட்டு எழுதியவரும் மெட்டுப் போட்டவரும் ராயல்டியில் தங்கள் பங்கை விட்டுக்கொடுக்க வைக்க முடியாது என்று ஆயிற்று. அதைப் பார்க்க எம்.பி.எஸ். உயிரோடு இல்லை.

நாலு குரல், ஒரு பாட்டு

1970-களின் தொடக்கத்தில் அவர் செய்த காரியம்தான் எல்லாவற்றிலும் பெரியது. "சென்னை இளைஞர் இசைக் குழு" என்ற சேர்ந்திசைக் குழுவை அமைத்தார்.

சேர்ந்திசை என்றால் பஜனை மாதிரியா? இல்லை. பஜனையில் எல்லோரும் ஒரே மெட்டைப் பாடுகிறார்கள். சேர்ந்திசையில் குரல்களைப் பிரிக்கிறார்கள். பெண்களில் உச்சக்குரல் ஒரு பக்கம். கீழ்க்குரல் ஒரு பக்கம். ஆண்களில் மேல்குரல் ஒரு பக்கம். அடிக்குரல் ஒரு பக்கம். நாலு பேரும் நாலு சுரத்தில் போவார்கள். ஆனால் கேட்பவருக்கு ஒரே பாட்டு!

இது மேல்நாட்டுச் சர்ச்சுகளில் வளர்ந்த கலை. நம் சங்கீதத்துக்கு அப்படியே பொருந்தாது. காரணம் உண்டு. நம் சுரம் ஒரு இடத்தில் நிற்பது இல்லை. ஊஞ்சல் போல் ஆடும். இதைத்தான் கமகம் என்கிறார்கள். பக்கத்துப் பக்கத்தில் நாலு ஊஞ்சல் நாலு விதமாக ஆடினால் என்ன ஆகும்? முட்டிக் கொள்ளும்!

ஆகவே, இந்தியப் பாட்டைச் சேர்ந்திசை ஆக்குகிறவர் பார்த்துப் பார்த்து அடுக்க வேண்டும். ராகம் கெடக் கூடாது. குரல்களும் மோதக் கூடாது. எங்கே ஆட்டம் வேண்டும், எங்கே சுரம் அசையாமல் நிற்க வேண்டும் என்று கணக்குப் போட வேண்டும். எம்.பி.எஸ். இந்தக் கணக்கில் நிபுணர். பாரதியார் பாட்டுகளைச் சேர்ந்திசை ஆக்கினார். பல மொழிப் பாட்டுகளையும் அதே குழு பாடியது. மொழி தெரியாதவர்களும் பொருளைக் கேட்டுத் தெரிந்து கொண்டு பாடினார்கள்.

பாடியவர்கள் வித்துவான்களா? இல்லை. மாணவர்கள், ஆபீசில் வேலை பார்ப்பவர்கள், சாதாரணக் குடும்பத்துப் பெண்கள். பக்கத்தில் நிற்பவன் குரலைக் கேட்காவிட்டால் சேர்ந்திசை பாட முடியாது. தன் குரல் மட்டும் பெரிதாகக் கேட்க வேண்டும் என்று கத்தினால் பாட்டு கெட்டு விடும். சத்தமாகப் பாடத் தெரிந்தால் போதாது. அடக்கிப் பாடவும் தெரிய வேண்டும். குடும்பத்துக்கும் இதுதானே பாடம்?

கடற்கரையில் ஒரு கிராமம்

சென்னையில் இருந்து மாமல்லபுரம் வரும் கடற்கரைச் சாலையில், ஈஞ்சம்பாக்கத்தில் ஒரு கிராமம் உண்டு. சோழமண்டலம். 1966-ல் ஓவியர் கே.சி.எஸ்.பணிக்கர் தலைமையில் ஓவியர்களும் சிற்பிகளும் சேர்ந்து அமைத்தது. அப்போது அந்த இடம் செங்கல்பட்டு மாவட்டம்.

படம் விற்காவிட்டால் ஓவியன் எப்படிச் சாப்பிடுவது? துணியில் பாடிக் வேலை செய்து விற்றார்கள். அந்தப் பணத்தைச் சேர்த்து நிலம் வாங்கினார்கள். கைத்தொழில் சோறு போட்டது. ஓவியம் யாருக்கும் அடிமை ஆகாமல் இருந்தது.

எம்.பி.எஸ். செய்ததும் அதுதான். சினிமா அவருக்குச் சோறு போட்டது. சேர்ந்திசையை அவர் விலைக்கு விற்கவில்லை. தன் விருப்பப்படி தொழில் செய்ய நினைக்கும் கலைஞன் தனியாக நின்றால் வாடிப் போவான். நாலு பேரோடு நின்றால் பிழைத்துக் கொள்வான். ஓவியர்கள் கண்ட உண்மையும் இசைக்காரர் கண்ட உண்மையும் ஒன்றே.

தீவில் முடிந்த பயணம்

1988-ம் ஆண்டு மார்ச் 9-ந் தேதி எம்.பி.எஸ். காலமானார். வயது 62. சென்னையில் அல்ல, கேரளத்திலும் அல்ல. நாலு பக்கமும் கடல் சூழ்ந்த லட்சத்தீவில்!

அவர் போனதும் பாட்டு நின்று விடவில்லை. அவர் வளர்த்த குழு அவர் பெயரையே சூட்டிக் கொண்டது. "எம்.பி.எஸ். இளைஞர் இசைக் குழு" என்று தொடர்ந்து பாடியது. திருவனந்தபுரத்திலும் அவர் பெயரில் குழு தோன்றியது.

இன்று காலம் மாறி விட்டது. 40 பேர் வாசித்த இசையை ஒரே ஆள் கம்ப்யூட்டரில் செய்து விடுகிறார். செங்கல்பட்டில் வீட்டு அறைக்குள் உட்கார்ந்து மெட்டுப் போட்டு, அன்று மாலையே உலகத்துக்கு அனுப்பலாம். நல்லதுதான். பட முதலாளியின் வாசலில் நிற்க வேண்டியது இல்லை. ஆனால் அந்த 40 பேரும் எங்கே போனார்கள்? பக்கத்து ஆளின் மூச்சுச் சத்தத்தைக் கேட்டு வில்லைத் தூக்கும் பழக்கம் எங்கே போயிற்று?

ஒவ்வொருவர் காதிலும் ஒரு கருவி. ஒவ்வொருவருக்கும் தனிப் பாட்டு. ஒரே வீட்டில் நாலு பேர், நாலு பாட்டு. சேரவே இல்லை!

வலை கரைக்கு வந்தது

நான் கடற்கரையில் நின்றேன் அல்லவா? வெயில் ஏறியதும் வலை கரைக்கு வந்தது. பாட்டு நின்றது. பெரிய மீன் இல்லை. பொடி மீன்தான். ஆனாலும் பங்கு பிரித்தார்கள். இழுத்த ஒவ்வொருவருக்கும் ஒரு பங்கு. அடி எடுத்துக் கொடுத்தவருக்கும் ஒரு பங்கு!

பெரியவரைப் பார்த்தேன்.

"பாடினவருக்கும் மீனா?"

"பின்னே? அவன் பாடலைன்னா வலை கடல்லதானே கிடக்கும், தம்பி!"

எம்.பி.எஸ். வாத்தியக்காரர்களுக்காகக் கேட்டதும் இந்த நியாயம்தான். கடற்கரையில் அதற்குக் கோர்ட்டும் வேண்டாம், சட்டமும் வேண்டாம்.

திரும்பி வரும் பஸ்சிலும் பாட்டு ஓடியது. பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடச் சிறுமி உட்கார்ந்து இருந்தாள். மெல்ல முணுமுணுத்தாள். நான் பார்த்ததும் வெட்கப்பட்டு நிறுத்தி விட்டாள். "பாடம்மா" என்றேன். அவள் பாடவில்லை. அவளைப் பாட விடாமல் செய்தவர்கள் யார்? "சும்மா இரு" என்று நாம் எல்லோரும் சொன்னதுதானே?

இன்று ஞாயிற்றுக்கிழமை. எல்லோரும் வீட்டில் இருப்பீர்கள். சாப்பிட்டு முடித்ததும் பிள்ளைகளைப் பக்கத்தில் உட்கார வையுங்கள். எல்லோருக்கும் தெரிந்த பாட்டு ஒன்றை எடுங்கள். தாத்தாவின் குரல் கரகரக்கட்டும். பாட்டிக்கு வரி மறந்து போகட்டும். பாதகம் இல்லை.

ஒருவர் அடி எடுத்துக் கொடுங்கள். மற்றவர்கள் பதில் கொடுங்கள்.